எது பெரிய கலியாணம்? திருகோணமலையின் நூற்றாண்டுக் கணக்கு ஒன்று

நூற்றாண்டு மலர் ஒன்றில் அதிபர்களின் பெயர்கள் இருக்கும். கட்டடங்கள் எழுந்த வரலாறு இருக்கும். பரீட்சைப் பெறுபேறுகள் இருக்கும். கலியாணச் செலவுக்கு அங்கே என்ன இடம் என்று எம் சகோதரிகள் சிலர் கேட்கக்கூடும். எம்மோடு ஒரே வாங்கில் இருந்து படித்த எத்தனை பேரின் வாழ்க்கை, வீட்டு விறாந்தையில் பெரியவர்கள் பேசி முடித்த ஒரு கணக்கினால் தீர்மானமானது என்பதை எண்ணிப் பார்த்தால் இடம் உண்டென்பது விளங்கும். படிப்பைப் பாதியில் விட்டவர்களும் அந்தக் கணக்கினால்தான் விட்டார்கள். படித்து உத்தியோகம் பார்த்தும் தங்கைமாருக்கு வழிவிட்டு வீட்டோடு இருந்துவிட்டவர்களும் அந்தக் கணக்கினால்தான் இருந்தார்கள். ஒரு பெண்கள் பாடசாலையின் வரலாற்றில் இதுவும் ஒரு பக்கம்.

‘அது பெரிய கலியாணம்’ என்று எம் பாட்டிமார் சொன்னார்கள், அம்மாமார் சொன்னார்கள், நாமும் சொல்கிறோம். ஆனால் ஒவ்வொரு தலைமுறையும் அச்சொல்லால் குறித்தது வேறு வேறு. எதை எண்ணிப் ‘பெரிது’ என்றார்கள், எதை எண்ணாமல் விட்டார்கள் என்பதைப் பார்ப்பதே இக்கட்டுரையின் நோக்கம்.

இரண்டு கணக்குகள்

எங்கள் பகுதியில் கலியாணத்துக்கு எப்போதும் இரண்டு கணக்குகள் இருந்தன. ஒன்று, அன்றைய நாளின் கணக்கு: பந்தல், மேளம், ஐயர், சமையல், கூறைச் சேலை. மற்றது, வாழ்நாளின் கணக்கு: வீடு, வளவு, வயல், நகை. முதலாவதை ‘கலியாணச் செலவு’ என்றோம். இரண்டாவதை ‘சீதனம்’ என்றோம். அதைச் செலவென்று எவரும் சொன்னதில்லை.

சீதனம் என்பது பழைய காலத்தில் மகளுக்குப் போகும் சொத்து. யாழ்ப்பாணத்து வழமைகளை ஒல்லாந்த ஆளுநர் சிமோன்ஸின் கட்டளைப்படி திசாவை கிளாஸ் ஐசாக்ஸ் தொகுத்து 1707 இல் ஒப்படைத்தார். 1806 ஆம் ஆண்டின் 18 ஆம் இலக்க ஒழுங்குவிதியால் ஆங்கிலேயர் அதற்குச் சட்ட வலு அளித்தனர். அதுவே தேசவழமை. சொத்து யாருடையது, யாரிடமிருந்து யாருக்குப் போகும் என்பதே அந்தச் சட்டத்தின் பெருங்கவலை. விருந்துக்கு எத்தனை பேர் வந்தார்கள் என்பதல்ல. மகள் சீதனம் பெற்றுக்கொண்டு போனால் பெற்றோரின் மிகுதிச் சொத்தில் அவளுக்குப் பங்கில்லை என்பதும் அதில் உண்டு. ஆகவே சீதனம் அவளுடைய பங்கு, தானமல்ல.

கிழக்குக் கரையில் இதற்கு இன்னொரு வலுவான அடித்தளமும் இருந்தது. இங்கே கலியாணம் முடிந்து பெண் மாப்பிள்ளை வீட்டுக்குப் போவதைக் காட்டிலும், மாப்பிள்ளை பெண்ணின் வீட்டுக்கு வருவதே பெருவழக்கு. மகளுக்கு ஒரு வீடு கொடுக்கவேண்டும் என்பது மட்டக்களப்பு, அம்பாறை, திருகோணமலை எங்கும் பெற்றோரின் தலையாய கடமை. தமிழர் மட்டுமன்றி இக்கரையோர முஸ்லிம் மக்களும் இதே வழக்கைக் கைக்கொண்டு வந்துள்ளனர். மூன்று பெண்பிள்ளைகள் உள்ள வீட்டில், ஒரே வளவில் அடுத்தடுத்து மூன்று வீடுகள் எழுவதை எம்மிற் பலர் கண்டிருக்கிறோம். வீடு முடியும்வரை கலியாணம் தள்ளிப்போவதும் உண்டு.

நொத்தாரிசு முன்னிலையில் எழுதப்படும் சீதன உறுதியில் பெண்ணின் பெயர் இருக்கும். எழுத வாசிக்கத் தெரிந்த பெண், தன் உறுதியைத் தானே வாசித்துக் கையொப்பமிட முடிந்தது. எமது பாடசாலை போன்றவை செய்த பெருந்தொண்டுகளில் இதுவும் ஒன்றென்று சொன்னால் மிகையாகாது.

பந்தல் காலம்

அன்றைய நாளின் கணக்கு அக்காலத்தில் ஏன் சிறிதாக இருந்தது? பெரும்பகுதி காசாகக் கைமாறவில்லை என்பதே காரணம்.

நல்ல நாள் பார்த்துப் பொன்னுருக்குவார்கள், கன்னிக்கால் நடுவார்கள். ஒழுங்கையிலுள்ள ஆண்கள் சேர்ந்து கிடுகால் பந்தல் போடுவார்கள். பலகாரம் சுடவும் நாள் பார்ப்பார்கள். அன்று அயலட்டைப் பெண்கள் எல்லாரும் கூடிவிடுவார்கள்: ஒருத்தி மா அரிப்பாள், ஒருத்தி பாகு காய்ச்சுவாள், ஒருத்தி எண்ணெய்ச் சட்டியோடு இருப்பாள். பயற்றம் உருண்டையும் அரியதரமும் முறுக்கும் கடகம் கடகமாக நிரம்பும். நெல் தம்பலகாமத்து வயலிலிருந்து வரும். தயிர் மூதூர், கிண்ணியாப் பக்கமிருந்து சட்டி சட்டியாக வரும். வாழையிலையும் தேங்காயும் வளவிலேயே இருக்கும்.

இவற்றுக்கு விலை போட்டால் பெருந்தொகை வரும். எவரும் விலை போடவில்லை. கடன் வேறுவிதமாக எழுதப்பட்டது: இன்று என் வீட்டில் தேங்காய் துருவியவளின் மகளுக்குக் கலியாணம் என்றால் நாளை நான் போய்த் துருவவேண்டும். பெண்களின் உழைப்பே அந்த விருந்தின் முதல். கணக்கில் அது வராததால், செலவு ‘சிறிது’ என்று தோன்றிற்று.

1942 ஏப்ரல் 9 ஆம் நாள் யப்பானிய விமானங்கள் திருகோணமலைத் துறைமுகத்தின்மேல் குண்டு வீசின. ஊரவர் பலர் வீடு வாசலைப் பூட்டிவிட்டு உள்ளூர்களுக்குப் போயினர். யுத்த காலத்தில் அரிசி பங்கீட்டுக்கு வந்தது. பங்கீட்டு அரிசிக்கு மட்டுப்பட்ட ஊரில், விருந்தாளிகளின் தொகையைக் காசு தீர்மானிக்கவில்லை, அரிசியே தீர்மானித்தது. எல்லாருக்கும் வயிறாரச் சோறு போட்ட கலியாணமே அக்காலத்துப் ‘பெரிய கலியாணம்’.

துறைமுகமும் மாப்பிள்ளையும்

யுத்தம் துறைமுகத்தில் வேலையையும் பெருக்கிற்று. பிரித்தானியக் கடற்படைத் தளத்தில் எழுதுவினைஞராக, தச்சராக, இயந்திர வேலையாளராக ஆயிரக்கணக்கானோர் சம்பளம் வாங்கினர். நெல்லாகவும் மீனாகவும் வந்த வருமானம் பலருக்கு மாதக் காசாக மாறிற்று. பின்னர் 1957 ஒக்ரோபர் 15 இல் தளம் இலங்கையிடம் கையளிக்கப்பட்டது. தளத்து வேலையை நம்பியிருந்த குடும்பங்களுக்கு அது பெரிய அதிர்ச்சி. ஓய்வூதியமுள்ள அரசாங்க உத்தியோகமே நிலையானது என்ற எண்ணம் அதன்பின் மேலும் வேரூன்றியது.

இவ்விடத்தில்தான் சீதனத்தின் பொருள் மாறத் தொடங்கியது. எழுதுவினைஞருக்கு ஒரு தொகை, ஆசிரியருக்கு ஒரு தொகை, டொக்டருக்கும் என்ஜினியருக்கும் வேறு தொகை என்று ஊர் பேசத் தொடங்கியது. பெண்ணின் பெயரில் எழுதும் ஆதனத்தோடு, மாப்பிள்ளையின் பெற்றோரிடம் கொடுக்கும் காசும் சேர்ந்தது. அதற்கு ‘டொனேஷன்’ என்று நாகரிகமான ஆங்கிலப் பெயர் வைத்தோம். அந்தக் காசு பெரும்பாலும் மாப்பிள்ளையின் தங்கைக்குச் சீதனமாகப் போகும். அங்கிருந்து இன்னொரு வீட்டுக்குப் போகும். எந்த வீட்டிலும் தங்காமல் சுற்றிக்கொண்டிருந்த காசு அது. ஆனால் அதைத் திரட்டுவதற்காக எழுதப்பட்ட ஈட்டு உறுதிகள் அந்தந்த வீடுகளிலேயே தங்கின.

எம் அயலவரான முஸ்லிம் மக்களிடையே இதற்கொத்த ‘கைக்கூலி’ பற்றி 1951 ஆம் ஆண்டின் முஸ்லிம் விவாக, விவாகரத்துச் சட்டம் பேசுகிறது. மணப்பெண்ணின் பயனுக்காக மாப்பிள்ளையிடம் கொடுக்கப்படும் காசோ பொருளோ அது என்று வரையறுத்து, மஹரைப் போலவே அதையும் பதிவில் குறிப்பிட வழிசெய்கிறது. பதிவில் இருப்பதை காழி நீதிமன்றத்தில் கேட்டு வாங்கலாம். எங்கள் டொனேஷனுக்கு அத்தகைய பதிவு எதுவுமில்லை. கொடுத்தவருக்கும் வாங்கியவருக்கும் மட்டுமே தெரிந்த தொகை அது.

1945 இல் வந்த இலவசக் கல்வி இன்னொரு மாற்றத்தைக் கொண்டுவந்தது. பெண்பிள்ளைகள் மேல்வகுப்புகளுக்குப் படித்தார்கள். ஆசிரியைகளாகவும் தாதியராகவும் எழுதுவினைஞர்களாகவும் சம்பளம் எடுத்தார்கள். ‘உத்தியோகமே சீதனம்’ என்று பெருமையாகச் சொன்ன காலம் அது. சில வீடுகளில் அது உண்மையாயிற்று. வேறு பல வீடுகளில், உத்தியோகம் பார்க்கும் பெண்ணின் சம்பளத்திலிருந்தே அவளுடைய சீதனம் சேர்க்கப்பட்டது. தங்கைமாரின் சீதனமும் அதிலிருந்தே வந்தது. படிப்பு சீதனத்துக்கு மாற்றாக வந்து, சீதனத்தைச் சம்பாதிக்கும் வழியாக முடிந்தது. இந்த மலரை வாசிக்கும் மூத்த சகோதரிகள் பலருக்கு இதை நாம் விளக்கத் தேவையில்லை.

யுத்தமும் கடலும்

1983 க்குப் பின் இரண்டு கணக்குகளும் குலைந்தன. ஊரடங்குச் சட்டத்தில் சுருங்கிய கலியாணங்கள், அகதி முகாமில் தாலி கட்டிய கலியாணங்கள், மாப்பிள்ளை வேறு நாட்டிலிருக்கப் பெண்ணை அனுப்பி வைத்த கலியாணங்கள் என்று ஒரு தலைமுறையே கடந்தது. 2006 இல் சம்பூர் மக்கள் தம் ஊரையே விட்டுப் போக நேர்ந்தது. பலர் திரும்பக் காணி பெற ஏறக்குறைய பத்து ஆண்டுகள் சென்றன. சீதனமாக எழுதிய வீடும் வளவும் இருந்தும் இல்லாதவையாயின. கையோடு கொண்டு போகக்கூடியது நகை மட்டுமே. வீட்டைக் காட்டிலும் பவுணுக்கு மதிப்புக் கூடியதற்கு இந்த அனுபவமும் ஒரு காரணம்.

2004 டிசம்பர் 26 ஆம் நாள் கடல் பெருகி வந்து, கரையோரத்துச் சீதன வீடுகளை அள்ளிக்கொண்டு போனது. பின்னர் கட்டிக்கொடுத்த வீடுகளின் பத்திரங்கள் பல ‘குடும்பத் தலைவர்’ என்ற பெயரில் ஆண்களுக்கு எழுதப்பட்டன. இடிந்த வீடு மனைவியின் சீதனம். எழுந்த வீடு கணவனின் பெயரில். கிழக்கின் பெண்கள் அமைப்புகள் இதைச் சுட்டிக்காட்டிக் குரல் எழுப்பின. தலைமுறை தலைமுறையாகத் தாயிடமிருந்து மகளுக்கு வந்த ஆதனம், ஒரு விண்ணப்பப் படிவத்தின் ஒற்றைக் கட்டத்தில் கைமாறியது. கலியாணத்தில் எவ்வளவு செலவானது என்பதிலும், யாருடைய பெயரில் செலவானது என்பது முக்கியம் என்பதற்கு இதைவிடச் சான்று வேண்டியதில்லை.

பவுணும் டொலரும்

தாலிக்கொடியை எங்களவர் ஒற்றைப்படையான பவுணில் செய்வது வழக்கம்: 7, 9, 11 என்று. ஒன்பது பவுண் கொடியை எடுத்துக்கொள்வோம். 2019 தொடக்கத்தில் 22 கரட் பவுண் ஒன்று சுமார் 55,000 ரூபாய். கொடிக்கு ஏறக்குறைய 5 இலட்சம். 2022 இல் டொலரின் மதிப்பு 203 ரூபாயளவிலிருந்து 360 ரூபாயளவுக்கு ஏறியது. அவ்வாண்டு நடுவில் பவுண் ஒன்றரை இலட்சத்தைத் தாண்டியது. அதே கொடிக்கு 13 இலட்சத்துக்கு மேல். கொடியின் நிறையில் ஒரு குன்றிமணி கூடவில்லை. ரூபாயில் பார்த்தால் அது இரண்டரை மடங்கு ‘பெரிய’ கொடியாகிவிட்டது.

ரூபாய்த் தொகையை வைத்துக்கொண்டு பெரிது சிறிது பேச முடியாதென்பதற்கு இது ஓர் எடுத்துக்காட்டு. இன்னொன்றும் உண்டு. வெளிநாட்டிலிருக்கும் ஒரு சகோதரி ஊரில் நடக்கும் கலியாணத்துக்கு 5,000 டொலர் ஒதுக்குகிறார் என்று வைத்துக்கொள்வோம். 2022 தொடக்கத்தில் அது 10 இலட்சம் ரூபாய். சில மாதங்களில் அதுவே 18 இலட்சம். அவருக்கு அது முன்போலவே நடுத்தரமான கலியாணம். ஊரில் ஆசிரியச் சம்பளம் எடுக்கும் அவருடைய வகுப்புத் தோழிக்கோ, அது எட்டாத உயரம். ஆனால் அடுத்த மாதம் அவருடைய மகளுக்குப் பேசவரும் வீட்டார் மனத்தில் வைத்திருப்பது அந்தக் கலியாணத்தையே.

2019 ஆம் ஆண்டின் அரசாங்கக் குடும்ப வருமான ஆய்வின்படி, இலங்கைக் குடும்பங்களில் சரிபாதியின் மாத வருமானம் 53,333 ரூபாய்க்குக் கீழே. அந்த நடுநிலைக் குடும்பம் 10 இலட்சத்தில் ஒரு கலியாணம் செய்வதென்றால், உண்ணாமல் உடுக்காமல் 19 மாதச் சம்பளத்தைச் சேர்க்கவேண்டும். 10 இலட்சம் இன்று மண்டபக் கலியாணம் ஒன்றுக்குப் பெரிய தொகையென்று எவரும் சொல்வதில்லை. பந்தல் போய் மண்டபம் வந்தது, அயலட்டைப் பெண்களின் இடத்தில் சமையல்காரர் வந்தார், படப்பிடிப்பு வந்தது, நிலாவெளி, உப்புவெளிக் கடற்கரை விடுதிகளும் வந்தன. அன்று எழுதாமல் விட்டவை இன்று சிட்டையில் வரிவரியாக வருகின்றன.

சட்டம் அளக்க முயன்றபோது

எது அளவுக்கு மிஞ்சிய கலியாணம் என்பதை அரசாங்கங்களும் அளந்து பார்த்திருக்கின்றன. பாக்கிஸ்தானில் 1997 இல் கலியாண விருந்தையே கட்டுப்படுத்தச் சட்டம் வந்தது. தாஜிக்கிஸ்தானில் 2007 இல் விருந்தாளிகள் 150 பேருக்கு மேற்படக்கூடாதென்று வரம்பு வைத்தனர். இந்தியா 1961 இல் வரதட்சணையைத் தடைசெய்தது. இலங்கையில் சீதனத்தைத் தடுக்கும் சட்டம் இல்லை.

ஒரு கலியாணத்தின் செலவைக் கணக்கிடுவதே எவ்வளவு கடினம் என்பதற்குத் தமிழ்நாட்டில் ஒரு புகழ்பெற்ற வழக்கு உண்டு. 1995 செப்டம்பர் 7 இல் முதலமைச்சர் ஜெயலலிதாவின் வளர்ப்பு மகனுக்குச் சென்னையில் நடந்த திருமணம், பின்னர் அவர்மீதான சொத்துக்குவிப்பு வழக்கில் ஒரு பகுதியாயிற்று. அரசு தரப்பு அவர் செய்த செலவு சுமார் 6 கோடியே 45 இலட்சம் என்றது. 2014 இல் பெங்களூர்ச் சிறப்பு நீதிமன்றம் அதை 3 கோடி என்று மதிப்பிட்டது. 2015 இல் கர்நாடக உயர் நீதிமன்றம் 28 இலட்சத்து 68 ஆயிரம் என்று குறைத்து அவரை விடுவித்தது. 2017 இல் இந்திய உச்ச நீதிமன்றம் சிறப்பு நீதிமன்றத்தின் தீர்ப்பையே நிலைநாட்டியது. ஒரே பந்தல், ஒரே விருந்து, மூன்று தொகைகள். பெண் வீட்டார் செய்தது எது, கட்சிக்காரர் செய்தது எது, மாப்பிள்ளை பக்கம் செய்தது எது என்று பிரிப்பதிலேயே வாதம் நடந்தது. எங்கள் வீடுகளில் கணக்கு எழுதும்போதும் வரும் சிக்கல் அதுவே: யாருடைய கையிலிருந்து போனது?

எமது ஊரிலும் சட்டம் ஒருமுறை தலையிட்டது. கொவிட் காலத்தில் விருந்தாளிகளின் தொகை மட்டுப்படுத்தப்பட்டது. 2021 ஆகஸ்ட் நடுப்பகுதியில் மண்டபத்திலும் வீட்டிலும் கலியாண விழாக்கள் சில காலம் தடைசெய்யப்பட்டன. பதிவோடு, விரல்விட்டு எண்ணக்கூடிய உறவினரோடு பல கலியாணங்கள் நடந்தன. அவையும் கலியாணங்களே. அந்தப் பிள்ளைகளும் இன்று குடும்பமாக வாழ்கிறார்கள். எவை இன்றியமையாதவை என்று ஒரு நூற்றாண்டாக நாம் நம்பிவந்தவற்றில் எத்தனை இல்லாமலும் தாலி ஏறும் என்பதை அந்த மாதங்கள் காட்டின. தடை நீங்கியதும் பழைய பட்டியல் முழுவதும் திரும்பி வந்ததும் உண்மை.

உறுதி எங்கே இருக்கிறது?

இத்தனையையும் பார்த்தபின், ‘இத்தனை இலட்சத்துக்கு மேல் பெரிய கலியாணம்’ என்று ஒரு தொகையை நாம் சொல்லப்போவதில்லை. சொன்னால் அடுத்த ஆண்டு பவுண் விலை அதைப் பொய்யாக்கும். ஆனால் இந்த நூற்றாண்டின் கணக்கிலிருந்து சில கேள்விகளை எடுத்துக்கொள்ளலாம்.

அன்றைய நாளுக்குப் போவது எவ்வளவு, வாழ்நாளுக்குப் போவது எவ்வளவு? இரண்டையும் ஒரே தாளில் எழுதினால், பெரிதைச் சிறிது மறைத்துவிடும். வாழ்நாளுக்குப் போவது யாருடைய பெயரில் இருக்கிறது? பெண்ணின் பெயரில் எழுதிய வீடு அவளுடைய பங்கு. வேறொருவர் கையில் கொடுத்த காசு செலவு. அன்றைய நாளுக்குப் போவது வீட்டாரின் எத்தனை மாத வருமானம்? மூன்று மாதமா, முப்பது மாதமா? கடைசியாக, கலியாணம் முடிந்து நாலாம் சடங்கும் முடிந்த பிறகு, பெற்றோரின் வீட்டு உறுதி எங்கே இருக்கிறது? அலுமாரியில் இருந்தால் அது அவர்கள் தாங்கக்கூடிய கலியாணம். வங்கியிலோ வட்டிக்காரரிடமோ இருந்தால், இருபது பேர் வந்த கலியாணமானாலும் அது பெரிய கலியாணம்.

எம் பாட்டிமார் மாதச் சம்பளம் வாங்கியவர்கள் அல்லர். ஆனாலும் வீட்டு உறுதியை மகளின் பெயரில் எழுதிவிட்டு, பலகாரத்தை அயலட்டையோடு சேர்ந்து சுட்ட அவர்கள், எந்தக் கணக்கு நிலைக்கும், எந்தக் கணக்கு மறுநாள் இலையோடு போகும் என்பதை அறிந்திருந்தார்கள். இலண்டனிலும் ரொறன்ரோவிலும் சிட்னியிலும் கொழும்பிலும் இருக்கும் எம் சகோதரிகளிடம் ஒரு வேண்டுகோள். ஊரில் ஒரு கலியாணத்துக்குக் கைகொடுக்கும்போது, மண்டபத்து அலங்காரத்துக்கு அனுப்பும் தொகையில் ஒரு பங்கையாவது அந்தப் பிள்ளையின் பெயரிலுள்ள வங்கிக் கணக்குக்கோ, அவள் வீட்டுக் கூரைக்கோ அனுப்புங்கள். ஊர் அதையும் பார்க்கும், பேசும். நாளடைவில் அதையே ‘பெரிய கலியாணம்’ என்று சொல்லவும் பழகும்.